பகல் காட்சிப் பேய்கள்

"டிக்கெட் முடிஞ்சிருச்சி தங்கச்சி. பேய் பாக்க வாரியா?"

அந்த அக்கா என்னிடம் பேசிய முதல் பேச்சே இதுதான். எழுபதுகளின் நடுவில், ஈப்போ பழைய டவுனில், ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். எனக்குக் கல்யாணமாகிச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. நானும் என் வீட்டுக்காரரும் பகல் காட்சிக்காக வெயிலில் வரிசையில் நின்று, ஒருவழியாகக் கம்பி வலைக்கு முன்னால் போய்ச் சேர்ந்தபோது, டிக்கெட் கொடுக்கும் அக்கா 'ஹவுஸ்ஃபுல்' பலகையை வெளியே எடுத்து மாட்டச் சொல்லிக்கொண்டிருந்தார். என் முகம் போன போக்கைப் பார்த்துத்தான் அப்படிக் கேட்டிருக்கிறார்.

கேலி செய்கிறார் என்று நினைத்தேன். ஆனால் அவர் கவுண்டரைப் பூட்டிவிட்டு, கையில் ஒரு குடையோடு பக்கத்துக் கதவு வழியாக வெளியே வந்தார். எங்களைப் போலவே படம் கிடைக்காமல் முழித்துக்கொண்டு நின்றவர்களைப் பார்த்துக் கைதட்டினார்.

"வாங்க, வாங்க. வீட்டுக்குப் போயி என்னா செய்யப் போறீங்க? படத்தவிட நல்லா இருக்கும். இண்டர்வல் கெடையாது, அது ஒண்ணுதான் கொற."

குள்ளமான, தாட்டியான உருவம். நைலக்ஸ் சேலை, கழுத்துவரை பவுடர், காலில் ரப்பர் சிலிப்பர். அந்த உடம்பை வைத்துக்கொண்டு எப்படி அவ்வளவு வேகமாக நடந்தார் என்பது எனக்கு இன்றைக்கும் புரியவில்லை. நாங்கள் ஒரு பத்துப் பேர் ஓடாத குறையாகப் பின்னால் போனோம்.

முதலில் ஒரு பழைய பேங்கு வாசலில் நிறுத்தினார். குடையால் மூலையைக் காட்டினார். அங்கே ஊர்ப் பேச்சில் வங்காளி என்கிற ஒரு சீக்கிய ஜாகா கயிற்றுக்கட்டில் போட்டுக் காவல் இருந்தாராம். வெள்ளைக்காரன் போய், ஜப்பான்காரன் வந்து, அவனும் போய், மறுபடி வெள்ளைக்காரன் வந்தும் அந்த ஜாகா மட்டும் வேலையை விடவில்லை. செத்த பிறகும் விடவில்லை. இந்த வழியாகப் போகிறவர்களுக்கு இன்னும் கட்டில் கயிறு முனகும் சத்தம் கேட்கும் என்றார்.

என் வீட்டுக்காரர் மோட்டார் பட்டறையில் வேலை பார்த்தவர். எதையும் கழற்றிப் பார்க்காமல் விடமாட்டார். "இப்ப ஒரு சத்தமும் கேக்கலியேக்கா?" என்றார்.

"இன்னைக்கு ஞாயித்துக்கெழமலா தம்பி. பேங்கு லீவு."

எல்லோரும் சிரித்தோம். அக்கா சிரிக்கவில்லை. அடுத்த இடத்துக்குக் கிளம்பிவிட்டார்.

அக்காவை நினைத்தால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அதுதான். எந்தக் கேள்விக்கும் அவரிடம் பதில் இருந்தது. யோசிக்க மாட்டார், தடுமாற மாட்டார். சீனத் தவுக்கே முதலாளிகள் சின்ன வீடுகளைக் குடிவைத்திருந்ததாகச் சொல்லப்படும் ஒடுக்கமான சந்தில் நிறுத்தி, மேல்மாடியில் நடுப்பகலில் கேட்கும் மாஜோங் சூதாட்டக் கட்டைகளின் சத்தத்தைப் பற்றிச் சொல்வார். "ஆடுறது யாரு, பொம்பளைங்களா, தவுக்கேயா?" என்று யாராவது கேட்டால், "தவுக்கே எங்க இங்க வாரான்? அவன் செத்தும் மூத்தவகிட்ட மாட்டிக்கிட்டான். இதுங்க மட்டும்தான், பொழுது போவணுமில்ல?" என்பார். ஈயம் தோண்டிய குட்டையில் விழுந்து செத்த கிராணி என்கிற குமாஸ்தாவின் பேய் ஏன் குட்டைப் பக்கம் இல்லாமல் ஆற்றுப் பாலத்தில் நிற்கிறது என்று கேட்டால், "குட்டையில ஆள் நடமாட்டமே இல்லலா. பேயா இருந்தாலும் பேச்சுத் தொணைக்கு நாலு பேரு வேணும்" என்பார்.

ராத்திரியில் கூட்டிக்கொண்டு போனால் இன்னும் நன்றாக இருக்குமே என்று ஒருமுறை கேட்டேன். அதைக் கேட்டு அவருக்குக் கோபமே வந்துவிட்டது. "இருட்டுல யாரு வேணும்னாலும் பயமுறுத்தலாம். ஒரு பூனை போதும். வெயில்ல நிக்க வச்சு ஒடம்பு சிலுக்க வைக்கணும், அதுதான் வேல."

காசு வாங்க மாட்டார். நடை முடிந்ததும் யாராவது சீவிய ஐஸில் செய்யும் ஐஸ் கச்சாங் ஒன்று வாங்கிக் கொடுத்தால் சாப்பிடுவார். அதுவும் சிவப்புச் சாயம் அதிகம் ஊற்றச் சொல்லி. நாக்கெல்லாம் சிவந்துபோய், "பாத்தீங்களா, இப்ப நானே பேய் மாதிரிதான் இருக்கேன்" என்று நீட்டிக் காட்டுவார்.

பேய்க்குப் பயப்படாதவர் நாய்க்குப் பயந்து செத்துப்போவார். ஒருநாள் மாஜோங் சந்தில், கதை உச்சத்தில் இருக்கும்போது, எங்கிருந்தோ ஒரு சொறிநாய் வந்து அவருடைய சிலிப்பரை முகர்ந்தது. "அலாமா!" என்று ஒரு கத்தல். அடுத்த நொடி அக்கா அங்கே நின்ற சைக்கிள் ரிக்‌ஷாவுக்குள் இருந்தார். தூங்கிக்கொண்டிருந்த ரிக்‌ஷாக்காரர் அலறி எழுந்து, எங்கே போகவேண்டும் என்று கேட்டார். அக்கா மீதிக் கதையை ரிக்‌ஷாவுக்குள் உட்கார்ந்தபடியே சொல்லி முடித்தார்.

நாங்கள் பிறகு படத்துக்குப் போகாமலே, பலகை மாட்டும் நேரம் பார்த்துப் போய் நிற்க ஆரம்பித்தோம். அவர் கொட்டகைக்குப் பின்னால் தையல்கடைக்கு மேல் ஒரு அறையில் தனியாக இருந்தார். ஏதோ ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர் என்பது பேச்சில் தெரியும். கல்யாணம் ஆனதா என்று கேட்டதற்கு, "ஆச்சி. முடிஞ்சும் போச்சி. அடுத்த கதைக்கு வா" என்றார். உண்மையிலேயே பேயை நம்புகிறாரா என்று கேட்டபோது, "டிக்கெட் விக்கிறவ படம் பாக்கணும்னு சட்டமா இருக்கு?" என்றார்.

ஒரே ஒரு கேள்விதான் எனக்கு லேசாக உறுத்தியது. அதையும் என் வீட்டுக்காரர்தான் கேட்டார். "ஏங்க்கா, இந்தக் கிராணி, இந்தச் சீனப் பொம்பளைங்க, இவங்களுக்கெல்லாம் சொந்தக்காரங்க இருக்க மாட்டாங்களா? கேட்டா மனசு கஷ்டப்படாதா?"

"இருந்தா வரட்டுமேலா. எனக்கும் மிச்சக் கதை தெரிஞ்சுக்கலாம்ல?"

அக்காவின் நடை எப்போதும் ரயில்வே ஸ்டேசனில் முடியும். வெள்ளை வெளேரென்று அரண்மனை மாதிரி நிற்கும் கட்டடம், முன்னால் நீண்ட வராந்தா. பிளாட்பாரத்தின் கடைசி பெஞ்சைக் குடையால் காட்டுவார். அவருடைய கதைகளிலேயே நல்ல கதை அதுதான். வயதான போர்ட்டர் ஒருவர் தன் கண்ணால் பார்த்ததாகச் சொன்னதாம்.

ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்கு ரயில் ரோடு போடத் தோட்டத்து ஆம்பிளைகளை லோரியில் அள்ளிக்கொண்டு வந்து இந்த பிளாட்பாரத்தில்தான் ஏற்றினார்கள். போனவர்களில் ஒருவனுக்கு இளம் மனைவி. சண்டை முடிந்ததும் அவள் ஒவ்வொரு சனிக்கிழமையும் வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு, டிபன் கேரியரில் சோறு எடுத்துக்கொண்டு, இந்த பெஞ்சில் வந்து உட்காருவாள். வருகிறவர் போகிறவரிடம் "ரயில் வந்துருச்சாங்க?" என்று கேட்பாள். புருஷன் வரவில்லை. அவள் ஏங்கியே செத்தாள். ஆனால் அதற்குப் பிறகும் பல வருஷம் சனிக்கிழமைகளில் அவளைப் பார்த்திருக்கிறார்கள். "ரயில் வந்துருச்சாங்க" என்று கேட்பாள். "வந்துருச்சும்மா" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்த்தால் பெஞ்சில் யாரும் இருக்க மாட்டார்கள்.

அந்தக் கடைசி வரியை அக்கா மெதுவாகச் சொல்வார். பட்டப்பகலில், இட்லிப் பொட்டலம் விற்கிறவன் கத்திக்கொண்டிருக்கும்போது, எங்களுக்கு முதுகில் ஜில்லென்று இருக்கும்.

எழுபதுகளின் கடைசியில் ஒரு ஞாயிறு. வழக்கம்போலக் கூட்டம். அதில் நாற்பதை எட்டும் வயதில் ஒருவர், சிரிக்கும் இடத்திலெல்லாம் எங்களோடு சேர்ந்து சிரித்துக்கொண்டே வந்தார். ஸ்டேசன் கதை ஆரம்பித்ததும் அவர் முகம் மாறியதை நான் கவனித்தேன். கதை முடிந்தது. அப்போது அவர் சொன்னார்:

"அவங்க சாகல."

அக்கா குடையை இறக்கினார். "யாரு தம்பி?"

"நீங்க சொல்ற பொம்பள. அது எங்க அம்மா. காம்பார்ல என்கூடத்தான் இருக்காங்க. காலையில நெத்திலி சம்பல் அரைச்சுக் குடுத்துட்டுத்தான் என்னை அனுப்புனாங்க."

யாரோ பின்னால் பக்கென்று சிரித்துவிட்டார்கள். அவருக்கு அது பொறுக்கவில்லை. "சின்ன வயசுல என்னைய 'ஸ்டேசன் பைத்தியத்தோட மவன்'னு தோட்டத்துல கூப்புடுவானுங்க. நான் அடிக்காத ஆளு இல்ல. இப்ப டவுன்ல அவங்கள பேயாவே ஆக்கிட்டீங்க. செத்தவங்கள என்னா வேணும்னாலும் சொல்லிக்கிங்க. உசுரோட இருக்கறவங்கள ஏன் கொல்றீங்க?"

எல்லோரும் அக்காவைப் பார்த்தோம். எதற்கும் பதில் வைத்திருப்பவர் அல்லவா? அக்கா வாயைத் திறந்தார். மூடினார். அந்த மனிதர் ஒரு நிமிஷம் காத்திருந்துவிட்டுப் போய்விட்டார். அன்றைக்கு ஐஸ் கச்சாங் கடைப்பக்கம் யாரும் போகவில்லை.

அடுத்த வாரம் ஹவுஸ்ஃபுல் பலகை ஏறியது. நாங்கள் நின்றோம். அக்கா கவுண்டரை விட்டு வெளியே வரவில்லை. அதற்கடுத்த வாரமும் அப்படித்தான். பிறகு ஒரு பொது விடுமுறை நாளில், காலையிலேயே எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். கையில் ஒரு பிஸ்கட் டின், ஒரு சீப்பு வாழைப்பழம்.

"தங்கச்சி, காம்பாருக்கு ஒரு நட போயிட்டு வருவமா? தனியாப் போக நெஞ்சு அடிச்சிக்கிது."

"எங்கன்னு போயி தேடுவீங்கக்கா?"

"விசாரிச்சிட்டேன். மரப்பட்டறையில லோரி ஓட்டுறாராம்."

மூன்று பேரும் பஸ் ஏறினோம். இரண்டு பக்கமும் சுண்ணாம்பு மலைகளும் ஈயக்குட்டைகளும் வந்துகொண்டே இருந்தன. ஒவ்வொன்றுக்கும் அக்காவிடம் ஒரு கதை இருக்கும். ஒன்றும் சொல்லவில்லை.

மகன்தான் கதவைத் திறந்தார். அக்காவைப் பார்த்ததும் கதவை மறைத்துக்கொண்டு நின்றார். "இங்க எதுக்கு வந்தீங்க?"

உள்ளேயிருந்து ஒரு குரல் வந்தது. "யாருடா?"

"ஒண்ணும் இல்லம்மா."

"ஒண்ணும் இல்லாததுக்கா இவ்ளோ நேரம் நிக்கிற? தள்ளு." அறுபது வயது இருக்கும் ஓர் அம்மா, கைலியும் சட்டையுமாக, கையில் பாதி நறுக்கிய பயத்தங்காயோடு வந்து எட்டிப் பார்த்தார். அக்காவை மேலும் கீழும் அளந்தார். "நீதான் என்னையக் கொன்னவளா? உள்ள வா."

அக்கா பிஸ்கட் டின்னைக் கீழே வைத்துவிட்டு அவர் காலைத் தொடப் போனார். அந்த அம்மா காலை இழுத்துக்கொண்டார். "அதெல்லாம் இருக்கட்டும். உக்காரு. அந்தக் கதைய எனக்குச் சொல்லு. இவன் கோவத்துல பாதிதான் சொன்னான்."

"வேணாங்கம்மா."

"ஊருக்கெல்லாம் சொன்னீல்ல? எனக்குச் சொல்ல மாட்டியா?"

அக்கா சொன்னார். குடை இல்லாமல், தலையைக் குனிந்துகொண்டு. அந்த அம்மா பயத்தங்காயை நறுக்கியபடியே கேட்டார். நடுவில் நிறுத்தினார்.

"வெள்ளச் சேலையா? அவரு உசுரோட இருக்காரா இல்லியான்னே தெரியாதப்ப நான் ஏன் வெள்ள கட்டுறேன்? பச்ச சேல. மஞ்சப் பூ போட்டது. டிபன் கேரியரும் இல்ல, பிளாஸ்க்கு. கோப்பி கொண்டுபோவேன்."

"சரிங்கம்மா."

"ரயில் வந்துருச்சான்னு கேட்டது நெசந்தான். அந்த போர்ட்டரு நல்ல மனுசன். மேல சொல்லு."

கதை முடிந்தது. அந்த அம்மா கத்தியைக் கீழே வைத்தார். "அப்ப ஒன் கதையில அவரு வரவே இல்லியா?"

அக்காவுக்கு இரண்டாம் முறையாகப் பதில் இல்லை. "தெரியலம்மா" என்றார். அந்தச் சொல்லை அவர் வாயிலிருந்து நான் அதற்கு முன்னால் கேட்டதில்லை. "எனக்கு ஒண்ணுமே தெரியலம்மா. நீங்க சொல்லுங்க."

"எங்க வீட்டுக்காரு வந்துட்டாரு" என்றார் அந்த அம்மா. "ஜப்பான்காரன் தோத்துப்போன பெறகு, காலெல்லாம் புண்ணோட. நான் ஸ்டேசன்ல காத்துக் கெடக்கேன், அவரு லோரியில ஏறி நேரா தோட்டத்து லயத்து வீட்டுக்கு வந்து சேந்துட்டாரு. ரொம்ப வருசம் இருந்துட்டுத்தான் போனாரு. இவன் தங்கச்சியெல்லாம் அதுக்கு அப்புறம் பொறந்ததுதான்."

"அப்புறம் ஏம்மா ஸ்டேசனுக்குப் போனீங்க?" கேட்டது மகன். அவர் இன்னும் கதவோரம்தான் நின்றிருந்தார்.

அந்த அம்மா நறுக்கிய பயத்தங்காயைத் தட்டில் தள்ளினார். பிறகு சொன்னார்.

"அடுத்த வீட்டுக்காரி இருந்தாள்ல, கைப்புள்ளையோட? அவ புருசனையும் ஒங்கப்பாவையும் ஒரே லோரியிலதான் ஏத்துனானுங்க. நானும் அவளும்தான் சேந்து ஸ்டேசனுக்குப் போவோம். ஒங்கப்பா வந்த அன்னைக்கே எங்கிட்ட சொல்லிட்டாரு, அவன் அங்கயே போயிட்டான், நான்தான் பொதச்சேன்னு. அவகிட்ட எப்புடி சொல்றது? ஒங்கப்பாவால முடியல. எனக்கும் முடியல. அடுத்த வாரம் சொல்லலாம், அடுத்த வாரம் சொல்லலாம்னு போச்சி. இதுக்குள்ள அவளுக்கு ஒடம்பு முடியாமப் போச்சி. 'ஒன் வீட்டுக்காரரு வந்துட்டாருலா, இனிமே நீ ஏன் போவப் போற'ன்னு ஒருநாளு அழுதா. நான் போறேன்னு சொல்லிட்டேன். அவளுக்காகப் போனேன். போயி உக்காந்து, கோப்பி குடிச்சு, ரயில பாத்துட்டு வந்து, 'இன்னைக்கும் வரல'ன்னு சொல்லுவேன். அவ சாவுறவரைக்கும் போனேன்."

அந்த அம்மா கத்தியை மறுபடி எடுத்தார்.

"ஒண்ணு தெரியுமா?" என்று அக்காவைப் பார்த்துச் சொன்னார். "பொதச்சாச்சுன்னு எனக்குத் தெரியும். இருந்தாலும் ஒவ்வொரு ரயில் வாரப்பவும் எந்திரிச்சு நின்னுதான் பாப்பேன். எறங்கி வந்துட்டா நல்லா இருக்குமேன்னு."

மகன் கதவோரத்திலேயே உட்கார்ந்துவிட்டார். "எங்கிட்ட ஒரு வார்த்த சொன்னதில்லியேம்மா."

"நீ கேட்டியாடா? சண்ட போட்டுட்டுச் சட்டையக் கிழிச்சிக்கிட்டு வருவ. தச்சுக் குடுக்கவே எனக்கு நேரம் சரியா இருந்துச்சு."

மகன் சிரித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டும் சிரித்தார். அன்று மதியம் அங்கேதான் சாப்பிட்டோம். நெத்திலி சம்பல், பயத்தங்காய்ப் பொரியல். சாப்பாடு முடிந்ததும் அந்த அம்மா கை கழுவிக்கொண்டே அக்காவிடம் கேட்டார். "எப்ப மறுபடி நடக்கப் போற?"

"இனிமே அந்தக் கதைய சொல்ல மாட்டேங்கம்மா."

"ஏன்? கொன்னது கொன்னாச்சு. நான் எப்புடி சாவுறேன்னு நானும் வந்து பாக்கறேன்."

பிறகு நடந்தது கூத்து. மாதத்தில் ஒரு ஞாயிறாவது அந்த அம்மா பஸ் ஏறி ஈப்போவுக்கு வந்துவிடுவார். நடக்கவெல்லாம் மாட்டார். நேரே ஸ்டேசனுக்குப் போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து பிளாஸ்க்கைத் திறந்துவிடுவார். அக்கா கூட்டத்தோடு வந்து கதையை ஆரம்பிப்பார். இப்போது சேலை பச்சை. அடுத்த வீட்டுக்காரியும் கதைக்குள் வந்துவிட்டாள். பேய் மட்டும் போகவில்லை. கடைசியில் அக்கா குரலை இறக்கி, "இன்னைக்கும் அவங்க இங்க வந்து உக்காருவாங்க" என்பார். அந்த நேரம் பார்த்து அந்த அம்மா எழுந்து, பக்கத்தில் நிற்பவர் தோளைத் தொட்டு, "ரயில் வந்துருச்சாங்க?" என்பார்.

கூட்டம் போட்ட கூச்சலில் ஒருமுறை ஸ்டேசன் மாஸ்டரே ஓடிவந்துவிட்டார். முதுகில் பெரிய பையைச் சுமந்துகொண்டு ஊர்சுற்ற வந்த வெள்ளைக்காரப் பையன் ஒருவன் பையோடு தரையில் உட்கார்ந்துவிட்டான். அக்கா அவனுக்குத் தைரியம் சொன்னார்: "நோ டெட்லா. காம்பார், காம்பார். ஈட் சம்பல்." இரண்டு பெண்களும் ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு சிரித்த சிரிப்பு எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. மகனும் சில நாள் வருவார். தள்ளித் தூணோரம் நின்று, கூட்டம் அலறும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரிப்பார்.

எண்பதுகளில் வீடியோ வந்தது. ஆட்கள் படத்தை வீட்டிலேயே வாடகைக்கு எடுத்துப் பார்க்க ஆரம்பித்தார்கள். ஹவுஸ்ஃபுல் பலகை டிக்கெட் அறையின் மூலையிலேயே கிடந்தது. ஆனாலும் அக்காவின் நடை நிற்கவில்லை. அவர் பெயர் பரவியிருந்தது. தாப்பாவிலிருந்தும் பாகான் செராயிலிருந்தும்கூட ஆட்கள் வந்தார்கள்.

ஒரு மழைக்காலத்தில் அந்த அம்மா இறந்துபோனார். சில நாள் காய்ச்சல், அவ்வளவுதான். காம்பாருக்குப் போய் வந்தோம். அக்கா அங்கே அழவில்லை. மகனோடு சேர்ந்து, துக்கத்துக்கு வந்தவர்களுக்குக் கோப்பி ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

அடுத்த ஞாயிறு நடை இருக்காது என்று நினைத்தேன். இருந்தது. ஜாகாவும் கட்டிலும், மாஜோங் சந்து, பாலத்துக் கிராணி, ஒன்றும் குறையவில்லை. சொல்லவேண்டிய இடத்தில் சொன்னார், சிரிக்கவேண்டிய இடத்தில் நாங்கள் சிரித்தோம். ஸ்டேசனுக்கு வந்தோம். கடைசி பெஞ்சில் ஒரு குடும்பம் பொட்டலத்தைப் பிரித்து வைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. அக்கா நிற்கவில்லை. அதைத் தாண்டி நடந்தார்.

கூட்டத்தில் புதிதாக வந்திருந்த ஒரு பெண் குரல் கொடுத்தாள். "அக்கா, இங்க பச்ச சேல கட்டுன ஒரு பேய் இருக்குதாமே? எங்க அண்ணி சொன்னாங்க. அதக் கேக்கத்தான் வந்தேன்."

என் வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார். எதையும் கேட்காமல் விடாதவர், அன்றைக்கு வாயைத் திறக்கவில்லை.

அக்கா திரும்பினார். பெஞ்சைப் பார்த்தார். அந்தப் பெண்ணைப் பார்த்தார்.

"இங்கயா?" என்றார். "இங்க பேயெல்லாம் ஒண்ணும் கெடையாதுலா. ஒங்க அண்ணிக்கு யாரோ சும்மா சொல்லியிருக்காங்க."

சொல்லிவிட்டு அந்தச் சிலிப்பர் காலோடு விறுவிறுவென்று முன்னால் நடந்தார். நாங்கள் பின்னாலேயே போனோம்.